வீட்டில் இருபது, பள்ளியில் எட்டு

ரஷ்ட் நகரத்தில் யாருடைய தொலைபேசி எண்ணாவது தெரியாவிட்டால் நூற்றுப் பதினெட்டைச் சுழற்றுவார்கள். மறுமுனையில் உட்கார்ந்திருந்த ஐந்து பெண்களில் மஹ்லகாவும் ஒருத்தி. அவள் குரல் இனிமையானது என்று யாரும் சொன்னதில்லை. பொறுமையானது என்றும் சொல்லிவிட முடியாது. ஆனால் தெளிவானது. வாரத்தில் நான்கு நாள் மழை பெய்கிற ஊரில், தகரக்கூரையில் மழை கொட்டும்போதும் அவள் சொன்ன எண்ணை யாரும் இரண்டாவது தடவை கேட்க வேண்டியிருந்ததில்லை. பதினாறு வருடமாக ஒரு நாளைக்கு ஐந்நூறு பேருக்கு, அவர்கள் கேட்ட எண்ணைச் சொல்லிக்கொண்டிருந்தாள். ஊரில் பாதிப் பேரை அவளுக்குத் தெரியும். எவரையும் பார்த்ததில்லை.

இப்படிப்பட்ட ஒருத்தி வீட்டிலேயே இருக்கும்போது, ஸெபீதே முதல் வகுப்பில் சேர்ந்ததும் சொல்வதெழுதுதலுக்கு அவளை யார் தயார்படுத்துவது என்ற கேள்வி எழவே இல்லை. ஸெபீதே மஹ்லகாவின் கொழுந்தன் மகள். மாடியில் மஹ்லகாவும் கணவன் ஈரஜும். கீழ்வீட்டில் கொழுந்தன் ஹொர்மூஸ், ஓரகத்தி பர்வானே, அவர்களுடைய இரண்டு பெண்கள். மஹ்லகாவின் ஒரே மகன் பட்டாளத்தில் இருந்தான். பர்வானே ஐந்தாம் வகுப்போடு நின்றவள். வீட்டிலேயே தையல் வேலை. எழுத்து என்றாலே அவளுக்குக் கழுத்து வலிக்கும். "அக்கா, உங்க வாயிலேர்ந்து வர்ற சொல்லுக்கு நோட்டே தானா எழுதிக்கும். இவளை நீங்களே பாத்துக்குங்க" என்று அவள் சொன்னதில் புகழ்ச்சி பாதி, சுமையைத் தள்ளிவிடுவது பாதி. மஹ்லகாவுக்கு இரண்டு பாதியுமே புரிந்தது. முதல் பாதியை மட்டும் எடுத்துக்கொண்டாள்.

சொல்வதெழுதுதல் அந்த நாட்டில் சின்ன விஷயம் இல்லை. காதில் ஒன்றுபோலவே விழுகிற ஓர் ஓசைக்கு நான்கு எழுத்து. இன்னொன்றுக்கு மூன்று. வேறு இரண்டு மூன்று ஓசைகளுக்கு இரண்டிரண்டு. எந்தச் சொல்லில் எதைப் போடுவது என்பதற்குக் காரணம் கேட்கக் கூடாது. கேட்டால் ஆயிரம் வருடக் கதை சொல்வார்கள். ஏழு வயதுக் குழந்தை அதையெல்லாம் மனப்பாடம் செய்தாக வேண்டும். அதனால் சாயங்காலம் ஐந்து மணிக்குத் தெருவில் நடந்துபோனால், திறந்த ஜன்னல்களில் எல்லாம் தாய்மார்கள் ஒரே ராகத்தில் இழுத்துச் சொல்லிக்கொண்டிருப்பது கேட்கும்: "அப்பா... ரொட்டி... வாங்கி... வந்தார். புள்ளி. அடுத்த வரி."

மஹ்லகாவின் ஜன்னலிலும் கேட்டது. வேலை முடிந்து மூன்று மணிக்கு வருவாள், சாப்பிட்டுக் கொஞ்சம் படுப்பாள். ஐந்துக்கு ஸெபீதே நோட்டோடு மாடியேறி வருவாள். தரையில் பூப்போட்ட பிளாஸ்டிக் விரிப்பைப் போட்டு எதிரெதிரே உட்காருவார்கள். நடுவில் கண்ணாடிக் கோப்பையில் தேநீர், சர்க்கரைக் கட்டி இரண்டு. ஸெபீதே ஒரு தப்பும் இல்லாமல் எழுதுவாள். மஹ்லகா சிவப்புப் பேனாவால் இருபதுக்கு இருபது போட்டுத் தேதியிட்டுக் கையெழுத்தும் போடுவாள். நோட்டில் இருபதுகள் வரிசையாக ஏறிக்கொண்டே போயின. பனிக்காலம் வருவதற்குள் அந்தக் கையெழுத்தில் ஒரு சுழி கூடியிருந்தது.

பள்ளியில் எட்டு. சில நாள் ஏழு. ஒரு தடவை ஒன்பதரை.

முதலில் யாரும் நம்பவில்லை. பர்வானே பள்ளிக்கூடம் போய் டீச்சரைப் பார்த்தாள். டீச்சர் ரஹ்பரி கானம், அதாவது ரஹ்பரி அம்மாள், சத்தம் போடாத மனுஷி. வீட்டு நோட்டையும் பள்ளி நோட்டையும் பக்கத்தில் பக்கத்தில் விரித்து வைத்து, வீட்டில் யாரோ எழுதிக் கொடுக்கிறார்கள் போலிருக்கிறது என்றாள். பர்வானே கோபத்தில் டீச்சரை நாலு வார்த்தை பேசிவிட்டுக் கையெழுத்தைக் காட்டினாள்: இரண்டிலும் அதே கோணல் எழுத்து, குழந்தையுடையதுதான். டீச்சர் அதை ஒப்புக்கொண்டாள். பிறகு வேறொன்று சொன்னாள். வகுப்பில் மற்ற பெண்கள் காகிதத்தைப் பார்க்கிறார்கள், இவள் மட்டும் என்னையே பார்த்துக்கொண்டிருக்கிறாள், நான் எங்கே போனாலும் கண் பின்னாலேயே வருகிறது என்றாள்.

பர்வானே வீட்டுக்கு வந்து, குழந்தை டீச்சரைப் பார்த்துப் பயப்படுகிறாள் என்று தீர்ப்புச் சொன்னாள். ஹொர்மூஸும் அதையே சொன்னான். மஹ்லகா மட்டும் பயம் இருந்தால் கண்ணைத் தாழ்த்தத்தானே செய்வாள் என்று நினைத்தாள். ஆனால் தன்னிடம் இருபது வாங்குகிற பெண் இன்னொருத்தியிடம் எட்டு வாங்கினால் தப்பு யாரிடம் இருக்கும் என்ற கணக்கு அவளுக்கும் சௌகரியமாகவே இருந்தது. அதற்கு மேல் யோசிக்கவில்லை.

வருடக் கடைசித் தேர்விலும் எட்டுதான். பத்து வாங்கினால்தான் தேறலாம். கணக்கில் பத்தொன்பது, வாசிப்பில் பதினெட்டு, இதில் எட்டு. கோடை முடிவில் மறுதேர்வு எழுத வேண்டும். அதிலும் போனால் முதல் வகுப்பிலேயே இன்னொரு வருடம்.

முதல் வகுப்பில் இன்னொரு வருடம் உட்காருகிற குழந்தைகள் ஊரில் இல்லாமல் இல்லை. ஆனால் இந்த வீட்டில் ஒரு சிக்கல் இருந்தது. ஸெபீதேயின் தங்கை நூஷின் அந்த இலையுதிர்காலத்தில் முதல் வகுப்பில் சேரவிருந்தாள். அதே பள்ளி, ஒரே ஒரு முதல் வகுப்பு. ஸெபீதே தோற்றால் அக்காளும் தங்கையும் ஒரே பெஞ்சு. நூஷின் வேறு, யாரும் சொல்லித்தராமலேயே பிஸ்கட் பெட்டி, பஸ் பலகை எல்லாவற்றையும் எழுத்துக்கூட்டிப் படிக்கிற ரகம். இரண்டு மாதத்தில் அக்காளுக்கே சொல்லித்தர ஆரம்பித்துவிடுவாள். இதை யாரும் வாய்விட்டுச் சொல்லவில்லை. ஸெபீதே மட்டும் ஒரு நாள் மாடிப்படியில் உட்கார்ந்து மஹ்லகாவிடம் கேட்டாள். "பெரியம்மா, ரெண்டு பேரும் ஒரே க்ளாஸ்னா, கூப்பிடும்போது டீச்சர் யார் பேரை முதல்ல கூப்பிடுவாங்க?"

வயதில் பெரியவளைத்தான் என்று மஹ்லகா சொன்னாள். எழுத்து வரிசையில் நூஷின் பின்னால்தான் வருவாள் என்றும் சேர்த்துக்கொண்டாள். குழந்தைக்கு அது ஆறுதலாகத் தெரியவில்லை. அன்று மஹ்லகா இரண்டு முடிவு செய்தாள். ஒன்று, அந்த வருடம் அன்ஸலி கடற்கரைக்குப் போவதில்லை. இரண்டு, தினம் ஒன்று இல்லை, இரண்டு தடவை சொல்வதெழுதுதல். ஓரகத்தியிடம், "மூணு மாசம் என்கிட்ட விட்டுடு. பத்து என்ன, பதினெட்டுக்குக் கீழே வந்தா என் பேரை மாத்திக்கறேன்" என்றாள்.

கோடை முழுதும் இருபது. ஒரு நாளைக்கு இரண்டு இருபது. முதல் வகுப்புப் புத்தகம் முடிந்து, இரண்டாம் வகுப்புப் புத்தகத்தில் பாதி வரைக்கும் போய்விட்டார்கள். பர்வானேயிடம் துணி தைக்க வந்த பெண்கள் அளவு கொடுக்கும்போதே அந்த இருபதுகளைக் கேட்டுக்கொண்டார்கள். இரண்டாம் வகுப்புப் புத்தகங்களுக்கு அட்டைகூடப் போட்டாகிவிட்டது. உதவி செய்ய வருகிறவர்களில் பாதிப் பேரால் கெடுதல் எதுவும் வருவதில்லை. காரணம், அவர்கள் பாதியிலேயே விட்டுவிடுகிறார்கள். மஹ்லகா விடுகிறவள் இல்லை.

மறுதேர்வுக்கு இருபது நாள் இருந்தபோது, ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம், பத்துப் பேருக்கு மீர்ஸா காஸெமி செய்ய வேண்டியிருந்தது. ஈரஜின் சித்தப்பா குடும்பம் வருகிறது. கத்தரிக்காயை நெருப்பில் சுட்டு, கருகின தோலை உரித்து, பூண்டோடு மசிக்கிற வேலை. முப்பது கத்தரிக்காய். மஹ்லகாவின் இரண்டு கையும் முழங்கை வரை கரி. அந்த நேரம் பார்த்து ஸெபீதே நோட்டோடு வந்தாள். ஒரு வேளைப் பாடம் தவறக் கூடாதே என்று, உரித்துக்கொண்டே சொல்லிவிடலாம் என மஹ்லகா ஆரம்பித்தாள். "பனி பெய்கிற நாளில் குருவி..."

குழந்தை எழுதவில்லை. பேனாவைப் பிடித்துக்கொண்டு கத்தரிக்காய் சட்டியையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எழுது கண்ணு."

"கையைக் கழுவிட்டு வாங்களேன் பெரியம்மா."

"எதுக்கு? நான் வாயாலதானே சொல்றேன். நீ எழுது."

எழுதினாள். அரை மணி கழித்து மஹ்லகா கரிக்கையோடேயே குனிந்து நோட்டைப் பார்த்தாள். இருபதில் பதின்மூன்று தப்பு. கடிந்துகொள்ளவும் தோன்றவில்லை. என்ன ஆயிற்று என்று மட்டும் கேட்டாள்.

"கை சும்மா இல்லையே" என்றாள் ஸெபீதே. தன் கையைச் சொல்லவில்லை. கத்தரிக்காய் உரிக்கிற கையைக் காட்டினாள்.

மெதுவாகக் கேட்டுக் கேட்டுத்தான் விஷயம் வெளியே வந்தது. பெரியம்மா ஒரு சொல்லைச் சொல்லும்போது அவள் ஆள்காட்டி விரல் பிளாஸ்டிக் விரிப்பின் மேல் அதை எழுதும். ஸெபீதே அதைப் பார்த்து நோட்டில் எழுதுவாள். தலைகீழாகத் தெரியும், அது பழகிவிட்டது. திருட்டுத்தனம் என்ற எண்ணமே அவளுக்கு இல்லை. சொல்வதெழுதுதல் என்றால் இதுதான் என்று நினைத்திருந்தாள். சொல்கிறவர் விரலால் எழுத வேண்டும், கேட்கிறவர் பேனாவால் எழுத வேண்டும்.

"டீச்சர்தான் காட்டவே மாட்டாங்க. கையை முதுகுக்குப் பின்னால கட்டிக்கிட்டு நடப்பாங்க. நான் எவ்வளவு எட்டிப் பாத்தாலும் தெரியாது. மத்தவங்களுக்கெல்லாம் எப்படித் தெரியுதோ."

மஹ்லகா கத்தரிக்காயைக் கீழே வைத்தாள். தன் விரலைப் பார்த்தாள். கரி படிந்திருந்தது, வேறு எதுவும் தெரியவில்லை.

மறுநாள் அலுவலகத்தில் பக்கத்து இருக்கை அக்தரிடம், என் விரல் எழுதுகிறதா என்று கேட்டாள். அக்தர் காதிலிருந்த கருவியைக் கழற்றிவிட்டு அவளை ஏற இறங்கப் பார்த்தாள். "இத்தனை வருஷத்துல இன்னைக்குத்தான் தெரியுமா உனக்கு? உன் மேஜையில பாலிஷ் போன இடத்தைப் பாரு. உனக்கு வர்ற போன்ல யார் நம்பரைக் கேக்கறாங்கன்னு நாங்க இங்கேர்ந்தே படிச்சிடுவோம்." காரணம் எளிதுதான். பேசுகிறவர் பெயரைச் சொல்கிறார். அது நான்கில் எந்த எழுத்து என்று அவருக்குத் தெரியாது, கவலையும் கிடையாது. எண் அட்டைகள் எழுத்து வரிசைப்படி இழுப்பறைகளில் இருக்கும், இவள்தான் சரியான இழுப்பறையைத் திறந்தாக வேண்டும். விரலால் ஒரு தடவை எழுதிவிட்டால் கைக்குத் தெரிந்துவிடும். அந்த விரல் இல்லாவிட்டால் ஊருக்கு எண் கிடைத்திருக்காது. அந்த விரலால்தான் ஸெபீதே தோற்றாள்.

ஈரஜிடம் சொன்னபோது அவன் சிரித்துவிட்டான். நகராட்சியில் தெரு மரங்களுக்கு எண் போடுகிற வேலை அவனுக்கு. நாள் முழுக்கப் பதில் பேசாதவற்றோடு இருப்பதால் வீட்டுக்கு வந்ததும் பேச்சு அதிகம். "அப்ப வருஷம் பூரா இருபது வாங்கினது நீதான். பாஸாயிட்டே. ரெண்டாம் வகுப்புக்கு உன்னையே அனுப்பிடலாமா?" என்றான். அவள் சிரிக்கவில்லை என்பதைப் பார்த்ததும், இதைப் பர்வானேயிடம் சொல்லத்தான் வேண்டுமா என்று கேட்டான். அந்தக் கேள்வி அவளுக்கும் இருந்தது. இருபது நாளில் எப்படியாவது சரிக்கட்டிவிட்டால் யாருக்கும் தெரிய வேண்டாம். மூன்று மாத இருபதையும் ஊருக்கே அறிவித்தாகிவிட்டது.

முதலில் கையைத் தொடைக்கடியில் வைத்துக்கொண்டு சொல்லிப் பார்த்தாள். குழந்தை கண்ணை நிமிர்த்தி முகத்தைப் பார்க்க ஆரம்பித்தாள். சரியான எழுத்துக்குப் பேனா போகும்போது மஹ்லகாவின் புருவம் இறங்கியது. தப்புக்குப் போகும்போது ஏறியது. பதினாறு. முதுகைத் திருப்பிக்கொண்டு உட்கார்ந்தாள். தோள்பட்டை அசைகிறது என்று ஸெபீதேயே உதவியாகச் சொன்னாள். பதினான்கு. பொய் சொல்லத் தெரியாத உடம்பு ஒரு வரம் என்று மஹ்லகா அதுவரை எண்ணியிருந்தாள்.

கடைசியில் தனக்குத் தெரிந்த ஒரே வழிக்கு வந்தாள். தொலைபேசி ஊழியர் வீடு என்பதால் மாடிக்கு ஓர் இணைப்பு, கீழ்வீட்டுக்கு ஓர் இணைப்பு இருந்தன. ஐந்து மணிக்கு ஸெபீதே கீழே நோட்டோடு உட்கார, மஹ்லகா மேலேயிருந்து போன் செய்தாள். நடுவில் பதினான்கு படிகள். ரிசீவருக்குள் அவள் குரல் ஊருக்கே தெரிந்த அந்தக் குரலாக மாறியது. "பனி... பெய்கிற... நாளில். புள்ளி. அடுத்த வரி."

முதல் நாள் ஆறு. இரண்டாம் நாளும் ஆறு.

நோட்டு கீழே இருந்ததால் அந்த ஆறைப் பர்வானே பார்த்துவிட்டாள். மூன்றாம் நாள் மாடியேறி வந்தாள். கையில் ஊசியும் நூலும் அப்படியே இருந்தன.

"அக்கா, தேர்வுக்குப் பதினாறு நாள் இருக்கு. நல்லா எழுதிட்டு இருந்த பொண்ணை போன்ல போட்டுக் கெடுக்கறீங்க. நேர்ல உக்காந்து சொல்ல அலுப்பா இருந்தா சொல்லிடுங்க."

மஹ்லகா சமாளிக்க ஒரு வாக்கியம் தயாராகத்தான் வைத்திருந்தாள்: தேர்வில் டீச்சரின் குரல் தூரத்திலிருந்து வரும், அதற்குப் பழக்கம் என்று. நல்ல வாக்கியம். பாதி உண்மையும்கூட. வாயைத் திறந்ததும் வேறு வந்தது. விரலைப் பற்றி முழுதும் சொல்லிவிட்டாள். சொல்லச் சொல்ல விரல் முழங்கால் மேல் எழுதிக்கொண்டிருந்ததை இரண்டு பேருமே பார்த்தார்கள்.

பர்வானே ஊசியைத் தன் சட்டைக் காலரில் குத்திக்கொண்டாள்.

"அப்ப டீச்சர் சொன்னது சரி. வீட்ல யாரோதான் எழுதியிருக்காங்க."

"ஆமா."

"நான் அந்தம்மாவை என்னென்ன சொல்லிட்டு வந்தேன்."

"அதையும் என் கணக்குல எழுதிக்கோ."

"உங்க பேரை மாத்திக்கறேன்னீங்களே, என்ன பேர் வெக்கலாம்?" என்றாள் பர்வானே. சிரிப்பில்லாமல்தான் கேட்டாள். ஆனால் போகும்போது, ஐந்து மணிக்குத் தையல் மிஷினை நிறுத்திவிடுகிறேன், போன் சரியாகக் கேட்கட்டும் என்று சொல்லிவிட்டுப் போனாள்.

அந்தப் பதினாறு நாளும் மஹ்லகாவுக்கு வேலையைவிடக் கஷ்டமாக இருந்தன. கேட்டதற்கெல்லாம் பதில் சொல்லிச் சம்பளம் வாங்குகிறவள் அவள். மறுமுனையில் ஒரு குரல் கேட்டால் அவளுக்குப் பதில் தானாக வரும். இப்போது ஸெபீதே, "எந்த எழுத்து பெரியம்மா, வயிறு வெச்சதா, பல்லு வெச்சதா?" என்று கேட்கும்போது உதட்டைக் கடித்துக்கொண்டு நிற்க வேண்டியிருந்தது. சொல்லைத் திரும்பச் சொல்லுவாள், அவ்வளவுதான். கீழே பேனா நின்றிருப்பது அந்த மௌனத்தில் அவளுக்குக் கேட்டது. ஒரு தடவை ஸெபீதே அழுதுவிட்டு ரிசீவரை வைத்துவிட்டாள். மஹ்லகா கீழே இறங்கப் போனாள். நாலாவது படியில் நின்றாள். திரும்பிப் போய் மறுபடி எண்ணைச் சுழற்றினாள். ஆறாவது மணியில் எடுக்கப்பட்டது. இருவரும் அழுகையைப் பற்றிப் பேசாமல் அடுத்த வரிக்குப் போனார்கள்.

ஏழு. எட்டு. ஏழு. ஒன்பது. ஒரு நாள் பதினொன்று, மறுநாளே எட்டு. நூஷின் பக்கத்தில் உட்கார்ந்து தனக்குத் தெரிந்ததைச் சொல்லப் பார்த்ததால், அந்த நேரத்தில் அவளைத் தோட்டத்துக்கு அனுப்பினார்கள். அவள் ஜன்னல் வழியாகச் சொன்னாள். ஜன்னலையும் சாத்தினார்கள்.

தேர்வுக்கு முந்தைய நாள் பத்து. நூலிழைதான். மஹ்லகா அதன் கீழே கையெழுத்துப் போடும்போது, சுழியில்லாமல் போட்டாள்.

தேர்வன்று அவள் விடுப்பு எடுத்துக்கொண்டு பள்ளி வாசலில் பர்வானேயோடு நின்றாள். மழை தூறியது. உள்ளே ஒன்பது பெண் குழந்தைகள். திறந்திருந்த ஜன்னல் வழியாக ரஹ்பரி கானத்தின் குரல் துண்டு துண்டாக வந்தது. ஒவ்வொரு சொல்லுக்கும் மஹ்லகாவின் விரல் குடைக் காம்பில் எழுதுவதைப் பார்த்து, பர்வானே குடையை அவளிடமிருந்து வாங்கித் தான் பிடித்துக்கொண்டாள்.

ஒரு மணி நேரத்துக்குப் பிறகு டீச்சரே காகிதத்தோடு வெளியே வந்தாள். பர்வானே முதலில் மன்னிப்புக் கேட்க ஆரம்பித்தாள், முன்பு பேசியதற்கு. டீச்சர் அதை நினைவில்லாதவள்போலக் கையசைத்துவிட்டு, இந்தத் தடவை உங்கள் பெண் என்னைப் பார்க்கவே இல்லை என்றாள். கண்ணை மூடிக்கொண்டு எழுதினாளாம், அதனால் வரி கொஞ்சம் மேலே ஏறியிருக்கிறது. அதற்கு மார்க் குறைக்கவில்லை.

பதினொன்றரை.

ஸெபீதே வெளியே வந்து அதைக் கேட்டதும் தலையாட்டினாள். இருபது வாங்கிப் பழகியவளுக்குப் பதினொன்றரையில் என்ன ஆனந்தம் என்று பார்க்கிறவர்கள் நினைத்திருக்கலாம். அவள் காகிதத்தை மடித்து உள்சட்டைக்குள் வைத்துக்கொண்டாள். பஸ்ஸில் இரண்டு தடவை வெளியே எடுத்துப் பார்த்தாள். வீட்டில் நூஷின்தான் அழுதாள். முதல் நாள் பெஞ்சில் அக்காளுக்கு ஜன்னலோரம் இடம் பிடித்து வைப்பதாக அவள் கோடை முழுதும் திட்டம் போட்டிருந்தாள். அதை யாரும் அவளிடம் கேட்டிருக்கவில்லை. ஸெபீதே அவளுக்கு இரண்டாம் வகுப்பின் கதவு எங்கே என்று தரையில் படம் போட்டுக் காட்டி, அது உன் கதவுக்கு எதிரேதான் என்றாள்.

பள்ளி திறந்து இரண்டு வாரம் ஆனதும் பர்வானே மாடிக்கு வந்து உட்கார்ந்தாள். சர்க்கரைக் கட்டியை வாயில் அதக்கிக்கொண்டு தேநீர் குடித்தாள். நூஷினுக்குச் சொல்வதெழுதுதலைத் தானே சொல்லப்போவதாகச் சொன்னாள். அக்காவுக்கு வேலை அதிகம், தொந்தரவு கொடுக்கக் கூடாது, ஐந்தாம் வகுப்பு படித்தது எதற்கு என்றெல்லாம் மரியாதையாகத்தான் சொன்னாள். மஹ்லகாவும் மரியாதையாக, நல்லதுதான், நானே இதை உன்னிடம் சொல்ல நினைத்தேன் என்றாள்.

அவள் போனதும் மஹ்லகாவுக்கு அப்பாடா என்று இருந்தது. கூடவே, பதினாறு வருடமாக ஊரே நம்புகிற குரலை ஒரு தையல்காரி வேண்டாம் என்கிறாளே என்று கோபமும் வந்தது. இரண்டும் ஒரே நெஞ்சில் இடித்துக்கொண்டு கிடந்தன. ஐந்து மணிக்குக் கீழ்வீட்டு ஜன்னலிலிருந்து பர்வானேயின் குரல் கேட்டது. தவறான இடத்தில் மூச்சு விட்டு, தவறான இடத்தில் இழுத்து. மஹ்லகா ஜன்னலைச் சாத்தப் போனாள். சாத்தவில்லை. நாற்காலியை அங்கேயே இழுத்துப் போட்டு உட்கார்ந்து, கடைசிப் புள்ளி வரைக்கும் கேட்டாள்.